லாக் ஓபரான்: முதல் லாக்டோஸ் எப்படி உள்ள போச்சு? உதவுங்க

வணக்கம் மக்களே. தண்டையார்பேட்டையில எங்க மொட்டை மாடியில பிளஸ் டூ பசங்களுக்கு பயாலஜி சொல்லித் தர்றேன். நேத்து லாக் ஓபரான், அதாவது லாக்டோஸை (பால் சர்க்கரை) பயன்படுத்த பாக்டீரியாவுக்கு வேண்டிய ஜீன்களும் அதோட சுவிட்சும். துணிக் கொடிதான் டி.என்.ஏ, கிளிப்தான் ஜீனை அடைச்சு வைக்கற ரிப்ரஸர் புரதம். கிளிப் கவ்வியிருக்கற வரை கொடியில கோத்த வளையல், அதாவது ஜீனைப் படிச்சு ஆர்.என்.ஏ-வா நகலெடுக்கற ஆர்.என்.ஏ பாலிமரேஸ், தாண்டாது. ஜீன் ஆஃப். கிளிப்போட வாலை அமுக்கினா மறுமுனையில வாய் திறக்குது பாருங்க, அல்லோலாக்டோஸ் (செல்லுக்குள்ள லாக்டோஸ் மாறி வர்ற சின்ன மூலக்கூறு) செய்யற வேலையும் அதேதான்: புரதத்துல ஒரு இடத்துல ஒட்டி, இன்னொரு இடத்துல பிடியைத் தளர்த்திடுது. இந்த ஓபரான் மாதிரியை 1961ல சொன்னவங்க ஜாக்கப், மோனோங்கற பிரெஞ்சு விஞ்ஞானிகள்.

பெருமையா நின்னேன். காசிமேட்டுப் பொண்ணு ஒருத்தி கையைத் தூக்கினா.

"மிஸ், லாக்டோஸை உள்ள விடற பெர்மியேஸும், அதை அல்லோலாக்டோஸா மாத்தற என்சைமும் இதே ஓபரான்லதானே வருது? ஆஃப்ல இருந்தா முதல் லாக்டோஸ் எப்படி உள்ள போச்சு?"

கிளிப் அப்பப்ப நழுவும், அதனால ரெண்டும் கொஞ்சூண்டு எப்பவுமே செல்லுல இருக்கும்னேன். பதில் சரிதான், ஆனா அவ முகத்துல திருப்தி இல்ல. இந்த நழுவலைக் கண்ணால காட்ட ஏதாவது வழி இருக்கா?

டிரிப்டோஃபான்ங்கற அமினோ அமிலத்தைத் தயாரிக்கற ஓபரான் இன்னும் மோசம். அங்க டிரிப்டோஃபானே வந்து ஒட்டினாத்தான் ரிப்ரஸரே கவ்வுது, என் கிளிப் அதுக்கு உதவாது.

லேப்ல வேலை செய்யறவங்க யாராவது எக்ஸ்-கால் (லாக் ஓபரானோட என்சைம் இருந்தா நீலமாகற பொருள்) தட்டுல வளர்ந்த நீல பாக்டீரியா காலனி படம் இருந்தா அனுப்புங்க. தட்டை வெளிய கொண்டு வர வேணாம், படம் போதும். வெள்ளிக்கிழமை அடுத்த வகுப்பு.