மாயர்களின் வெள்ளிக் கணக்கு: ஒரு சந்தேகம்

வணக்கம் நண்பர்களே. மத்திய அமெரிக்கப் பழங்குடிகளான மாயர்களின் டிரெஸ்டன் சுவடி என்ற பழைய நூலில், வெள்ளிக் கிரகம் பற்றிய ஒரு கணக்கில் மாட்டிக்கொண்டு நிற்கிறேன். வானியல் தெரிந்தவர்கள் கைகொடுங்கள்.

1562இல் மெக்சிகோவின் யுகடான் பகுதியில், மானி ஊரில் டியேகோ டி லாண்டா என்ற பாதிரியார் மாயர்களின் நூல்களைக் குவித்து எரித்தார். இன்று மிஞ்சியிருப்பவை நான்கே நான்கு. அதில் ஒன்றுதான் இந்த டிரெஸ்டன் சுவடி. வெள்ளிக் கிரகம் விடிவெள்ளியாகத் தோன்றி, மறுபடி விடிவெள்ளியாகத் தோன்றும் வரையான சுற்றை 584 நாள் என்று வைத்திருக்கிறார்கள், அது கிட்டத்தட்ட மிகச் சரி. அப்படி ஐந்து சுற்று சேர்ந்தால் 2,920 நாள், அதாவது 365 நாள் கொண்ட எட்டு ஆண்டுகள். இதுவரை அழகாகப் புரிகிறது.

குழப்பம் அந்த 584 நாளைப் பிரிக்கும் இடத்தில். விடிவெள்ளியாக 236 நாள், சூரிய ஒளியில் மறைவு 90, மாலை வெள்ளியாக 250, மறுபடி மறைவு 8. ஆனால் வானத்தில் காலையும் மாலையும் ஏறக்குறைய 263 நாள்தானே தெரியும்? நீண்ட மறைவும் சுமார் 50 நாள்தான். 8 மட்டும் பொருந்துகிறது. இவ்வளவு கூர்மையாகப் பார்த்தவர்கள் 90 என்று தவறாக எண்ணியிருப்பார்களா, எனக்கு நம்பிக்கையில்லை. 236 என்பது எட்டு சந்திர மாதங்களுக்கு ஒத்து வருகிறது. அப்படியென்றால் நிலவோடு இணைக்க வேண்டுமென்றே மாற்றினார்களா? சடங்கு நாட்களுக்காகவா? எளிமையாக விளக்கும் கட்டுரை இருந்தால் சொல்லுங்கள், ஸ்பானிஷ் என்றாலும் சமாளித்துக்கொள்வேன்.

அப்புறம் இன்னொன்று. 'சுவடி' என்றால் நமக்கு ஓலைதான் நினைவுக்கு வரும். இதுவோ அத்திமரப் பட்டைத் தாளில் சுண்ணாம்பு பூசி, விசிறிபோல மடித்தது. 'மடிப்பு நூல்' என்று எழுதலாமா?