சனிக்கிழமை ஊமைப்படம்

வதனி சித்தி: மூத்தோர் ஒன்றுகூடலுக்கு வாறன் எண்ட பேச்சாளர் வரேல்லையாம். ஒண்டரை மணித்தியாலத்துக்கு என்ன செய்யிறது?

ரஜீவன்: ‘பிரெஸ்டெங்கன்’ போடுவம், ‘பாதிரியின்ர கைம்பெண்’ எண்டு அர்த்தம். 1920 இல வந்த ஊமைப்படம், டென்மார்க் இயக்குநர் டிரையர் எடுத்தது. நோர்வே லில்லஹாமரில இருக்கிற மைஹவ்கன் திறந்தவெளி அருங்காட்சியகத்திலதான் எடுத்தவை, நாங்கள் பஸ்ஸில போகப்போற இடம். செட் இல்லை, உண்மையான பழைய வீடுகள்.

குமார் மாமா: சத்தமில்லாத படமோ 😴

சுகி: கதை?

ரஜீவன்: நோர்வேக் கிராமம். பாதிரி வேலைக்கு மூண்டு பேர் போட்டி. சேஃப்ரன் வெல்லுறான். ஆனா செத்த பாதிரியின்ர மனிசி மார்கிரேத்தைக் கட்டவேணும். அவ ஏற்கெனவே மூண்டு புருசன்மாரை அனுப்பினவ. இவன் காதலியைத் தங்கச்சி எண்டு சொல்லி வீட்டுக்க கொண்டுவாறான். அந்தக் காலம் கைம்பெண்ணுக்கு வேற வருமானம் இல்லை, வீடும் பதவியோட போயிடும். அதாலதான் அந்த வழக்கம்.

பெரியம்மா: வீட்டுக்காகக் கலியாணம் எங்கட பக்கமும் நடந்ததுதானே

குமார் மாமா: அக்கா, இங்க வேண்டாம்

வதனி சித்தி: 🙏 படத்தைக் கதையுங்கோ

ரஜீவன்: வேகம் பாக்கவேணும். செக்கனுக்கு 24 படச்சட்டத்தில (ஃபிரேம்) ஓடுற பிரதி 71 நிமிஷத்தில முடியும், ஆனா எல்லாரும் ஓடித் திரிவினம். 18 எண்டா ஒண்டரை மணித்தியாலம் தாண்டும், கிழவி கிழவியாவே நடப்பா. மார்கிரேத்தா நடிச்சவ ஹில்டுர் கார்ல்பெர்க், 76 வயசு. படம் திரைக்கு வரமுன்னமே மோசம் போயிட்டா. கதையிலயும் சாகமுன்னம் வாசலுக்கு மேல குதிரை லாடம் அடி, ஆளிவிதை தூவு எண்டுவா, தான் பேயா வந்திடாமல் இருக்க.

சுகி: 😢

ரஜீவன்: காட்சிக்கு இடையில வசனம் காட்டுற எழுத்து அட்டை சுவீடிஷில. ஒராள் தமிழில வாசிக்கவேணும். அட்டை தெரிஞ்ச உடன தொடங்கி எட்டுச் சொல்லுக்குள்ள முடியுங்கோ, இல்லாட்டி அடுத்த முகத்துக்கு மேல குரல் விழும். பிரதியோட வாற இசையை நிப்பாட்டிப்போட்டு ஒரு வயலின் காணும். மிருதங்கம் வேண்டாம்.

குமார் மாமா: என்ர பெடியன் மட்டும் வேண்டாமோ?

ரஜீவன்: சேஃப்ரன் பேய் வேஷம் போடுற இடத்துக்கு மட்டும் வாசிக்கட்டும் மாமா. அது பகிடிக் காட்சி.

குமார் மாமா: யோசிப்பம்

சுகி: ஜூன் மாசம் ஆறு மணிக்கு மண்டபத்துக்க நல்ல வெய்யில். திரையில ஒண்டும் தெரியாது

ரஜீவன்: மேற்கு யன்னலுக்குக் கறுத்தத் துணி. ஓரத்தையும் டேப்பால ஒட்டவேணும், கீறல் வெளிச்சமே காணும் படம் வெளிற.

பெரியம்மா: ரோல்ஸ் 60 போடவோ? கனபேர் சனிக்கிழமை மச்சம் தின்னாயினம்

சுகி: மரக்கறி 40, மற்றது 20

பெரியம்மா: போனமுறையும் இப்பிடிச் சொல்லித்தான் மிஞ்சினது

வதனி சித்தி: வாசிக்கிறது ஆர்? ஒருத்தரும் சொல்லேல்லை. புரொஜெக்டர் ஆரிட்டை?

சுகி: கலியாண வீட்டுக்குக் குமார் மாமா கொண்டுபோனவர்

குமார் மாமா: அது வேற கதை. நாளைக்குச் சொல்லுறன்