ஓபராவில் இயக்குநருக்கு என்ன வேலை? ஹாரி குப்ஃபர் பற்றித் தெரிந்தவர்கள் சொல்லுங்க

கோபிக்காரன்:
வணக்கமுங்க. எங்க ஊர்ப் பசங்களோடு சேர்ந்து அண்ணன்மார் கதையை, அதாவது பொன்னர் சங்கர் கதையை, மேடை நாடகமாகப் போடுகிறோம். உடுக்கைக்காரர் வாய் திறந்தால் கூட்டம் அசையாது, ஆனால் வேஷம் கட்டுகிறவர்கள் மைக் முன்னால் நின்று பாடிவிட்டு, கையை எங்கே வைப்பதென்று தெரியாமல் முழிக்கிறார்கள். ஜெர்மன் இயக்குநர் ஹாரி குப்ஃபரின் 'பறக்கும் டச்சுக்காரன்' ஓபரா (வசனத்தையும் பாட்டாகவே பாடும் மேற்கத்திய இசை நாடகம்) வீடியோவைப் பார் என்றார் நண்பர். பார்த்ததிலிருந்து வேறு நினைப்பே ஓடவில்லை. பாட்டும் இசையும் வாக்னருடையது, மேடையேறியது 1843ல். அப்படியானால் 1978ல் இந்த மனிதர் என்ன செய்தார்? யாருங்க இவர்?

பொள்ளாச்சி சந்தை:
சாபத்தால் கடலில் அலையும் மாலுமிக்கு, சாகும்வரை உண்மையாக இருக்கும் பெண் கிடைத்தால்தான் விடுதலை. வழக்கமாக அவன் கப்பலில் வந்து இறங்குவான், செந்தா என்ற பெண் இரண்டாம் அங்கத்தில்தான் வருவாள். ஜெர்மனியில் வாக்னர் ஓபராக்களுக்கென்றே நடக்கும் பைராய்ட் விழாவில் குப்ஃபர் அவளை ஆரம்பத்திலிருந்தே மேடையில் வைத்துவிட்டார். அவன் படத்தை அணைத்தபடி எல்லாவற்றையும் அவளே பார்க்கிறாள், ஏனென்றால் நாம் காணும் டச்சுக்காரன் அவள் மனதில் எழுகிறவன். கடைசியில் ஜன்னலிலிருந்து குதித்துச் சாகிறாள். யார் கண்ணால் கதையைப் பார்ப்பது என்ற ஒரே முடிவுதான், மொத்த ஓபராவும் மாறிவிட்டது.

ஈரோட்டு வாசகர்:
குப்ஃபர் 1935ல் பெர்லினில் பிறந்தவர். லைப்சிக்கில் நாடகக் கலை படித்து, 1958ல் ஹாலே நகரில் 'ருசால்கா' ஓபராவை இயக்கித் தொடங்கினார். ஸ்ட்ரால்சுண்ட், கார்ல் மார்க்ஸ் ஸ்டாட், வைமார், டிரெஸ்டன் என்று கிழக்கு ஜெர்மனியின் அரங்குகளிலேயே வளர்ந்தார். 1981 முதல் 2002 வரை பெர்லினின் கோமிஷே ஓபர் அரங்கில் தலைமை இயக்குநர். உங்களுக்கு வேண்டியது அங்கேதான் இருக்கிறது. 1947ல் அந்த அரங்கைத் தொடங்கிய ஃபெல்சன்ஸ்டைன், பாத்திரத்துக்கு இப்போது பாடியே ஆக வேண்டிய காரணம் இருக்க வேண்டும் என்று பிடிவாதமாக நின்றவர், அதற்காக ஒத்திகையை மாதக்கணக்கில் நடத்துவார். காரணம் தெரிந்தால் கை தானாக அசையும். 1988ல் பாரன்பாய்ம் இசை நடத்த, குப்ஃபர் பைராய்ட்டில் வாக்னரின் நான்கு ஓபராத் தொடரான 'ரிங்' செய்தார். 2019 டிசம்பரில் இறந்தார், அதே வருஷம் இயக்கிய கடைசி ஓபரா ஹாண்டலின் 'போரோஸ்', நம்ம புருஷோத்தமன் - அலெக்சாண்டர் கதை. அதை வெள்ளைக்காரன் கால இந்தியாவில் வைத்தார்.

பொள்ளாச்சி சந்தை:
அப்போ அண்ணன்மாரின் தங்கை தங்காளை முதலிலேயே மேடைக்குக் கொண்டு வாங்க. அண்ணன்மாருக்கு வரப்போவதைக் கனவில் கண்டவள் அவள்தானே, சண்டையெல்லாம் அவள் பார்க்கிற மாதிரியே நடக்கட்டும்.

காங்கேயத்தான்:
கொஞ்சம் பொறுங்க. டச்சுக்காரனை யாரும் சாமியாகக் கும்பிடுவதில்லை. அண்ணன்மார் மாண்டு விழும் படுகளத்தில் விழுகிறவர்கள் அருள் வந்து விழுகிறார்கள், தங்காள் தண்ணீர் தெளித்து எழுப்பும்போது அழாத ஆள் கிடையாது. அதைக் கனவு என்று காட்டினால் ஊர்ப் பெரியவர்கள் மட்டுமல்ல, நானே எழுந்து போய்விடுவேன்.

கோபிக்காரன்:
நீங்க சொல்வது சரிதானுங்ண்ணா, படுகளத்தில் கை வைக்க மாட்டோம். அதுவரைக்கும் தங்காள் மேடை ஓரத்தில் இருக்கட்டும். அடுத்த ஒத்திகையில் மைக் ஸ்டாண்டை எடுத்துவிட்டு, ஒவ்வொரு பாட்டுக்கு முன்னும் 'இதை ஏன் இப்போ பாடுற?' என்று கேட்கப் போகிறேன்.