புஷ்பக் உண்மையா விண்வெளிக்குப் போனதோ?

கேள்வி: அண்ணையாக்கள், இஸ்ரோவின்ர புஷ்பக், அதுதான் திரும்பத் திரும்பப் பாவிக்கிறதுக்கெண்டு சோதிக்கிற இறக்கை வச்ச விண்கலம், விண்வெளிக்குப் போய் வந்தது எண்டு எங்கட ரியூசன்ல ஒரு பெடியன் அடிச்சுச் சொல்லுறான், உண்மையோ?

பதில்: இல்லைத் தம்பி. 2016 மே 23 ஸ்ரீஹரிகோட்டாவில ரொக்கெட்டில வச்சு விட்டது வேற ஒரு சோதனை விமானம், அதுவும் 65 கிலோமீற்றர் வரைக்கும்தான், பிறகு வங்காள விரிகுடாவில இறங்கினது.

இன்னொரு பதில்: ஓம், ஆனா புஷ்பக்கின்ர தரையிறக்கச் சோதனையள்தான் எனக்கு வலு விருப்பம், 2024 ஜூன்ல கர்நாடகாவில இருக்கிற சித்ரதுர்காவில சினூக் ஹெலிகொப்டரில 4.5 கிலோமீற்றருக்குத் தூக்கி வேணுமெண்டே ஓடுபாதைக்கு நேரா இல்லாமல் 500 மீற்றர் பக்கத்தில தள்ளி விட்டவை, காத்தும் பலமா அடிச்சது, எண்டாலும் விமானி இல்லாமல் தானாத் திரும்பி ஓடுபாதை நடுக்கோட்டிலயே இறங்கினது. நிலத்தைத் தொடேக்க வேகம் மணிக்கு 320 கிலோமீற்றருக்கு மேல, பின்னால பரசூட் விரிஞ்சதும் 100க்கு வந்திட்டுது, வீடியோவை ஒருக்காப் பாருங்கோ!

கேட்டவர்: நன்றி அண்ணை, இண்டைக்கே அவனுக்குக் காட்டுறன்.