பலூன் விளைவு: தமிழில் என்ன சொல்வது?

பொருளியல் ஆசிரியர், பாளையங்கோட்டை

அன்புடையீர், வணக்கம். தமிழ்வழியில் படிக்கும் இளங்கலை மாணவர்களுக்காகச் சட்டவிரோதச் சந்தைகள் பற்றிய பாடப்பகுதி ஒன்றை எழுதி வருகிறேன். வரும் வெள்ளிக்கிழமை அச்சுக்குக் கொடுத்தாக வேண்டும். மற்ற சொற்களுக்கெல்லாம் ஏதோ ஒரு வழி கண்டுவிட்டேன். ஒன்றில் மட்டும் தடைப்பட்டு நிற்கிறேன். போதைப்பொருள் கட்டுப்பாட்டைப் பற்றி எழுதுவோர், ஓரிடத்தில் பயிரை ஒடுக்கினால் அது இன்னோரிடத்தில் தலையெடுப்பதைப் பலூன் விளைவு என்று சொல்கிறார்கள். ஸ்பானிய மொழியிலும் பலூனை வைத்தே அதற்குப் பெயர்.

செய்தி இதுதான். 1995இல் பெருவில் 1,15,300 ஹெக்டேர், கொலம்பியாவில் 50,900 ஹெக்டேர், பொலிவியாவில் 48,600 ஹெக்டேர் நிலத்தில், கொக்கெயின் எடுக்கப்படும் கோகாச் செடி பயிரானது. கோகாப் பசையை ஏற்றிச் சென்ற சிறு விமானங்களைப் பெரு அப்போது சுட்டு வீழ்த்தத் தொடங்கியது. கொள்முதல் நின்று இலையின் விலை சரிந்ததால் உழவர்கள் பலர் தோட்டங்களை அப்படியே விட்டுவிட்டார்கள். பொலிவியாவின் சப்பாரே பகுதியில் 1998 முதல் படையை இறக்கிச் செடிகளைப் பிடுங்கினார்கள். 2000இல் பெரு 43,400 ஹெக்டேருக்கும் பொலிவியா 14,600 ஹெக்டேருக்கும் இறங்கின. கொலம்பியா 1,63,300 ஹெக்டேருக்கு ஏறியது. மூன்றையும் கூட்டிப் பாருங்கள்: முன்பு 2,14,800, பின்பு 2,21,300.

மாணவர்கள் மனத்தில் நிற்க வேண்டியது இந்தக் கூட்டுத்தொகைதான். வகுப்பில் ஒரு பலூனை ஊதி, நடுவில் கட்டைவிரலால் அமுக்கிக் காட்டினேன்; இரு பக்கமும் பிதுங்கியது. முன் பெஞ்சில் இருந்த மாணவி, "அந்தக் காத்து எது சார்?" என்று கேட்டாள். வாங்கக் காத்திருப்பவர் கையிலுள்ள பணம்தான் அந்தக் காற்று என்று பதில் சொன்னேன். இவ்வளவையும் தாங்கும் ஒரு சொல் வேண்டும்.

மொழிபெயர்ப்பாளர், சென்னை

பலூன் விளைவு என்றே எழுதிவிடலாம். பலூன் என்ற சொல் தெரியாத குழந்தை தமிழ்நாட்டில் இல்லை. பலூனைத் தமிழாக்கி வளிக்கூண்டு விளைவு என்று எழுதினால், அது என்ன கூண்டு என்று விளக்குவதற்கே ஒரு பத்தி செலவாகும். சொல் வேண்டாம் என்றால் இடப்பெயர்வு என்று பொருளை எழுதுங்கள்.

ஓய்வுபெற்ற தமிழாசிரியர், மதுரை

பலூன் எல்லோருக்கும் தெரியும் என்பதை மறுக்கவில்லை. ஆனால் ஒரு பண்டத்தின் பெயரை அறிவது வேறு, ஒரு நிகழ்வுக்குப் பெயரிடுவது வேறு. நிகழ்வுக்குப் பெயர் வினையடியிலிருந்து வர வேண்டும். அப்படி ஒன்று நம்மிடம் பல நூற்றாண்டுகளாக இருக்கிறது. தொல்காப்பிய உரைகளில் வினை என்பதே பொருளின் புடைபெயர்ச்சி என்று விளக்கப்படுகிறது.

புடை என்றால் பக்கம்; படை புடைசூழ வந்தான் என்கிறோம். புடைத்தல் என்றால் வீங்குதல்; நரம்பு புடைத்தது என்கிறோம். அடித்தலும் புடைத்தல்தான், முறத்தில் தட்டத் தட்டப் பதர் ஒரு பக்கமும் மணி ஒரு பக்கமுமாக ஒதுங்குவதைப் பார்த்தவர்களுக்கு இது விளங்கும். பக்கம், வீக்கம், அடி ஆகிய மூன்றையும் தன்னுள் வைத்திருக்கிறது இந்த ஒரு வேர். அரசு ஓரிடத்தில் அடிக்க, இன்னொரு பக்கம் வீங்கி, பயிர் அங்கே பெயர்கிறது என்ற முழுக்கதையும் புடைபெயர்ச்சி என்ற சொல்லில் இருக்கிறது. உலகைக் குறிக்கும் புடவி என்பதையும் நான் இவ்வேரோடுதான் சேர்ப்பேன். அது பிருதிவியின் திரிபு என்பாரோடு எனக்கு உடன்பாடில்லை. அதைத் தனி மடலில் எழுதுகிறேன்.

இதழாளர், யாழ்ப்பாணம்

புலவர் ஐயாவின் வேர் விளக்கத்தை விரும்பி வாசித்தேன். நான் எழுத வந்தது சென்னை நண்பர் சொன்ன இடப்பெயர்வு பற்றி. எங்கள் ஊரில் இடம்பெயர்வு என்றால் ஒன்றுதான் பொருள்: சட்டிபானையைத் தூக்கிக்கொண்டு சனம் வீதியில் நடந்தது. அந்தச் சொல்லை ஒரு செடிக்குக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை.

இது உணர்ச்சி மட்டும் இல்லை. அமெரிக்க உதவியோடு நடந்த போதைப்பொருள் ஒழிப்பு முயற்சியான கொலம்பியாத் திட்டத்தின் கீழ் 2000ஆம் ஆண்டின் கடைசியில் அந்நாட்டின் புட்டுமாயோ மாநிலத்தில் விமானங்களிலிருந்து கிளைபோசேட் என்ற களைக்கொல்லியைத் தெளித்தார்கள். கோகாவுடன் வாழையும் மரவள்ளியும் கருகின. பயிர் நரிஞோ மாநிலத்துக்குப் போனது, குடும்பங்கள் பல எல்லை தாண்டி எக்குவடோருக்குப் போயின. பாடநூலின் அதே பத்தியில் சனத்தின் இடப்பெயர்வும் பயிரின் இடப்பெயர்வும் வரும். இரண்டுக்கும் ஒரே சொல்லை வைத்தால் படிக்கிற பிள்ளை எதை எதென்று பிரித்தறியும்?

மருத்துவ சமூகப் பணியாளர், கிருஷ்ணகிரி

ஆசிரியர் தம் முதல் மடலிலேயே சொல்லைச் சொல்லிவிட்டார், அதைக் கவனிக்காமல் கடந்துவிட்டோம். பலூன் பிதுங்கியது என்று எழுதியிருக்கிறார். பிதுக்கம் என்றே வைக்கலாமே? எங்கள் பக்கம் மார்கழி, தை மாதங்களில் மொச்சையை ஊறவைத்து, ஒவ்வொன்றாகத் தோலை அமுக்கிப் பருப்பை வெளியே தள்ளுவோம். அதற்குப் பிதுக்கம்பருப்பு என்று பெயர். விரல் இங்கே அழுத்த, பருப்பு அங்கே வருகிறது.

இன்னொரு வசதியும் உண்டு. ஐக்கிய நாடுகளின் போதைப்பொருள் அலுவலகத்துக்குத் தலைமை வகித்த அந்தோனியோ மரியா கோஸ்டா, 2008இல் கட்டுப்பாட்டின் எதிர்பாரா விளைவுகளைப் பட்டியலிட்டபோது, இடம் மாறுவதோடு, ஒரு போதைப்பொருளிலிருந்து இன்னொன்றுக்கு மாறுவதையும் சேர்த்தார். இரண்டாவதுதான் என் வேலைக்கு நெருக்கமானது. அமெரிக்காவில் ஆக்ஸிகாண்டின் என்ற வலிநிவாரணி மாத்திரையை எளிதில் நசுக்க முடியாதபடி 2010இல் மாற்றியபோது, அதற்கு அடிமைப்பட்டிருந்தவர்களில் பலர் ஹெராயினுக்குப் போனார்கள். மாத்திரையின் விற்பனைக் கணக்கை மட்டும் பார்ப்பவர் அதை வெற்றி என்பார்; அந்த மனிதர் என்ன ஆனார் என்பது அந்தக் கணக்கில் வராது. இடப்பிதுக்கம், பொருட்பிதுக்கம் என்று இரண்டையும் ஒரே அடியிலிருந்து எடுத்துவிடலாம்.

ஓய்வுபெற்ற தமிழாசிரியர், மதுரை

அம்மையாரின் சொல் நல்ல தமிழ். ஆயினும் ஓர் ஐயம். அடங்கு என்பதிலிருந்து அடக்கம், சுருங்கு என்பதிலிருந்து சுருக்கம் வருவது போலப் பிதுங்கு என்பதிலிருந்து பிதுக்கம் வருகிறது. பிதுக்கு என்னும் பிறவினையிலிருந்தும் அதே வடிவத்தைக் கொள்ளலாம். அப்படியானால் பிதுக்க விளைவு என்பது அரசு அமுக்குவதைக் குறிக்கிறதா, பயிர் வெளிப்படுவதைக் குறிக்கிறதா? பிதுங்குவிளைவு என்று வினைத்தொகையாக்கினால் தன்வினை உறுதியாகும். செய்பவன், கருவி, நிலம், செயல், காலம், செய்பொருள் என நன்னூல் கூறும் அறுவகைப் பெயருள் விளைவு செயலில் அடங்கும் என்பதால் இலக்கணத் தடையும் இல்லை.

மொழிபெயர்ப்பாளர், சென்னை

ஐயா, அந்த மயக்கம் இந்த இடத்தில் நல்லதே. அமுக்குவதும் பிதுங்குவதும் ஒரே நிகழ்வின் இரண்டு முனைகள். ஒன்றில்லாமல் மற்றொன்று இல்லை.

என் மறுப்பு வேறு. மொச்சையில் பருப்பு தோலைவிட்டு வெளியே வந்துவிடுகிறது, தோல் வெறுமையாகிறது. பலூனில் காற்று வெளியேறுவதில்லை. உள்ளேயே இடம் மாறுகிறது. ஆசிரியர் வற்புறுத்திய கூட்டுத்தொகை பலூனில் இருக்கிறது, மொச்சையில் இல்லை. பிதுக்கம் என்ற சொல் பழகியதுதான், உவமைதான் கசிகிறது.

பொருளியல் ஆசிரியர், பாளையங்கோட்டை

இந்தக் கடைசி மறுப்பு இரவெல்லாம் என்னை உறுத்தியது. முதலில் அது சரி என்றே பட்டது. பிறகு ஆப்கானிஸ்தானின் கணக்கை எடுத்துப் பார்த்தேன். தாலிபான் 2022 ஏப்ரலில் அபினிப் பயிரைத் தடைசெய்த பின், 2,33,000 ஹெக்டேராக இருந்த பரப்பு 2023இல் 10,800 ஆனது. அதே ஆண்டில் உலகின் முதலிடத்துக்கு வந்த மியான்மரில் 47,100 ஹெக்டேர். ஒரு பக்கம் அழுந்தியது, மறுபக்கம் எழுந்தது; ஆனால் மியான்மரின் முழுப் பரப்பையும் எடுத்துக்கொண்டாலும் அது அழுந்தியதில் கால்பங்குகூட இல்லை. பலூன் என்று பெயரிட்டால், கூட்டுத்தொகை எப்போதும் மாறாது என்ற முடிவையும் பெயரோடு சேர்த்துக் கொடுத்துவிடுகிறேன். முதல் மடலில் நானே அந்தத் தவறைச் செய்தேன். 1995க்கும் 2000க்கும் இடையில் அந்த மூன்று ஆண்டிஸ் மலை நாடுகளில் நடந்தது பலூன் போல இருந்தது. எல்லா இடத்திலும் அப்படியே நடக்கும் என்று ஒரு பெயர் வாக்குக் கொடுக்கக் கூடாது. எவ்வளவு அழுத்தினால் எவ்வளவு வெளிப்படும் என்பதைப் பிதுக்கம் என்ற சொல் முன்கூட்டியே சொல்லவில்லை. அதை மாணவர் அந்தந்த நாட்டின் கணக்கைக் கூட்டிப் பார்த்துத்தான் அறிய வேண்டும்.

ஆகவே பாடத்தில் பிதுக்க விளைவு என்று எழுதி, முதல் முறை வரும் இடத்தில் மட்டும் பலூன் விளைவு என்றும் வழங்கும் எனக் குறிக்கிறேன். சனத்தைப் பற்றிய வரிகளில் மட்டும் இடப்பெயர்வு வரும். யாழ்ப்பாண நண்பருக்கு என் நன்றி.

இதழாளர், யாழ்ப்பாணம்

எனக்குச் சம்மதம். எங்கள் வாசகருக்கும் விளங்கும்.

மொழிபெயர்ப்பாளர், சென்னை

அச்சுக்கு இரண்டு நாள்தான் இருக்கிறது என்பதால் தடுக்கவில்லை. என் மொழிபெயர்ப்புகளில் பலூன் விளைவு என்றே தொடர்வேன்.

ஓய்வுபெற்ற தமிழாசிரியர், மதுரை

பெரும்பான்மைக்கு இசைகிறேன், ஆனால் மனம் ஒப்பவில்லை. கோகா பெருவிலிருந்து கொலம்பியாவுக்குப் போனதும், அபினி ஆப்கானிஸ்தானில் குறைந்து மியான்மரில் எழுந்ததும் புடைபெயர்ச்சிதான். அடிக்குறிப்பிலாவது அந்தச் சொல்லுக்கு ஓர் இடம் கொடுங்கள். புடவி பற்றிய மடலை நாளை அனுப்புகிறேன்.