அக்லெட், ஃபெருல்: ‘பூண்’ போதாதா?

குழுவினருக்கு வணக்கம்.

நம் குழு தமிழாக்கிவரும் அரிய ஆங்கிலச் சொற்கள் பட்டியலில், நகத்தின் அடியில் தெரியும் வெள்ளைப் பிறையான ‘லுனுலா’வுக்கு ‘நகப்பிறை’ என்று அம்மா எழுதியிருந்தீர்கள். லத்தீனிலும் அது ‘குட்டி நிலா’தான். எனக்கு மறுபேச்சில்லை.

சிக்கல் ‘அக்லெட்’டில். ஷூ லேஸ் நுனியில் இருக்குமே பிளாஸ்டிக் உறை, அதுதான். ஐயா ‘நாடாமுனையுறை’ என்கிறார். வாயில் நுழைய மாட்டேன் என்கிறது. பிரெஞ்சு மூலத்துக்குச் ‘சின்ன ஊசி’ என்று பொருள் இருப்பதால் ‘நாடாவூசி’ என்கிறார் தம்பி. இதைக் கேட்டால் என் மகன் ஷூவே போட மாட்டான்.

அவன் லேஸைத்தான் போன வாரம் பெரியார் பேருந்து நிலையம் பக்கம் செருப்புத் தைக்கும் பெரியவரிடம் கொடுத்தேன். நுனி பிரிந்து துடைப்பம் மாதிரி விரிந்திருந்தது. எச்சில் தொட்டு முறுக்கினாலும் துளைக்குள் போகவில்லை. அவர் தீக்குச்சியைக் கிழித்து நுனியில் காட்டி, உருகி வந்ததை ஒரு தோல் துண்டுக்குள் வைத்து உருட்டினார். “இந்த நுனிக்கு என்ன பேருங்கய்யா?” என்றேன். “பேரா? கம்புக்குப் பூண் போடுவோம்ல, அது மாதிரி” என்றார்.

அட, பூண்! உலக்கை நுனி பிளக்காமல் இருக்கப் போடுவது, கைத்தடி தேயாமல் இருக்கப் போடுவது. உலக்கை தேய்ந்து உளிப்பிடி ஆனாலும் அங்கேயும் ஒரு பூண் உண்டு.

பூண் என்றால் உலோகமாயிற்றே என்று ஐயா கேட்பார். அக்லெட்டும் முன்பு உலோகம்தான். பிளாஸ்டிக் பிறகு வந்தது. சங்கப் பாட்டில் பூண் என்றால் நகையாயிற்றே என்றால், அதுவும் சரிதான். பூணுவது எல்லாம் பூண், நாடாவும் பூணட்டுமே.

எனக்கு இதில் பெரிய லாபமாகத் தெரிவது வேறு. பட்டியலில் பின்னால் வரும் ‘ஃபெருல்’லுக்கும், அதாவது முனையை இறுக்கிப் பிடிக்கும் வளையத்துக்கும் குழலுக்கும், இதே சொல் போதும். பென்சிலையும் ரப்பரையும் சேர்த்துப் பிடிக்கும் தகரம் பென்சில் பூண். வண்ணத் தூரிகையில் மயிரை இறுக்குவது தூரிகைப் பூண். இன்டர்நெட் ஃபைபர் இணைப்பு முனையில் கண்ணாடி இழையைத் தாங்கும் வெள்ளைப் பீங்கான் குழலுக்கும் பொறியாளர்கள் ஃபெருல் என்றுதான் சொல்கிறார்கள். அதை ‘ஒளியிழைப் பூண்’ என்று பாடநூலிலேயே எழுதலாம். ‘முனையுறை’ என்று போட்டால் கழற்றி எறியும் மூடியோ என்று மாணவர்கள் நினைப்பார்கள்.

ஆக, ஃபெருல் பூண், அக்லெட் நாடாப்பூண்.

அப்புறம், லேஸ் நுழையும் துளையான ‘ஐலெட்’டுக்கு யாரோ ‘சிறுகண்’ என்று போட்டிருக்கிறீர்கள். ஆங்கிலத்தில் ஊசிக்குக் கண், நமக்கு ஊசிக்குக் காது. ‘நாடாக்காது’ என்று மாற்றலாமா? மறுப்பு இருந்தால் ஞாயிற்றுக்கிழமைக்குள் எழுதுங்கள்.

அன்புடன்,
மதுரையிலிருந்து