டெக்சஸ் சைல்டு சப்போர்ட்: சம்பளத்தில் பிடித்த பணம் எனக்கு வந்து சேரவில்லை, யாரைக் கேட்பது?

இர்விங் அம்மா:

எல்லோருக்கும் வணக்கம். டாலஸ் பக்கம் இர்விங்கில் ஆறு வயது மகளோடு இருக்கிறேன். கணவர் வட கரோலினாவில் வேலை கிடைத்து அங்கே போய்விட்டார். பிரிந்துதான் இருக்கிறோம், ஆனால் விவாகரத்து ஆகவில்லை. நான் ஹெச்4 விசாவில் (கணவரின் வேலை விசாவைச் சார்ந்த விசா) இருக்கிறேன், அதனால் இப்போதைக்கு அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

டெக்சஸ் அட்டர்னி ஜெனரல் (மாநிலத் தலைமை வழக்கறிஞர்) ஆபீசின் சைல்டு சப்போர்ட் பிரிவில், அதாவது குழந்தைப் பராமரிப்புப் பணம் வாங்கித் தரும் பிரிவில், விண்ணப்பித்தேன். மாதம் 1,300 டாலர் என்று கோர்ட் ஆர்டர் ஆனது. சம்பளத்திலேயே பிடித்து அனுப்பச் சொல்லி அவர் கம்பெனிக்கும் உத்தரவு போய்விட்டது.

இப்போது பிரச்சினை என்னவென்றால், அவர் தன் பே ஸ்டப்பை, அதாவது சம்பளச் சீட்டை, படம் எடுத்து வாட்ஸப்பில் அனுப்பியிருக்கிறார். பிடித்தம் வரிசையில் சைல்டு சப்போர்ட் 600.00 என்று தெளிவாக இருக்கிறது. அடுத்த ஸ்டப்பிலும் அதே 600. என் கணக்குக்கு ஒரு டாலர்கூட வரவில்லை. ஆன்லைனில் பார்த்தால் பாக்கிதான் ஏறுகிறது. "என் சம்பளத்தில் பிடித்தாகிவிட்டது, இனி நீயாச்சு உன் ஆபீஸ் ஆச்சு" என்கிறார். வாடகை கட்டும் தேதி நெருங்குகிறது.

பணம் எங்கே நிற்கிறது? அவர் கம்பெனி ஹெச்ஆரை நானே கூப்பிடலாமா? 600, 600 என்றால் மாதம் 1,200 தானே ஆகிறது, மீதி 100 என்ன ஆயிற்று? "இந்த வம்பெல்லாம் எதற்கு, நேராக ஸெல்லில் (Zelle, வங்கிக் கணக்குக்கு நேரே பணம் அனுப்பும் வசதி) அனுப்பிவிடுகிறேன், ஆர்டரை முடித்துக்கொள்" என்றும் சொல்கிறார். சரி என்று சொல்லிவிடலாமா? போனில் ஆங்கிலத்தில் வேகமாகப் பேசினால் எனக்குப் பாதி பிடிபடுவதில்லை, அது வேறு பயமாக இருக்கிறது.

பேரோல் மேசை:

சகோதரி, நான் பேரோல், அதாவது கம்பெனியின் சம்பளக் கணக்கு, வேலையில் இருப்பவன். முதலில் அந்த 100 டாலர் கணக்கைத் தீர்த்துவிடுகிறேன், அதில் ஏமாற்று எதுவும் இல்லை. அவருக்கு இரண்டு வாரத்துக்கு ஒருமுறை சம்பளம் என்றால் வருடத்தில் 26 சம்பளம் வரும். 1,300 பெருக்கல் 12 என்றால் 15,600. அதை 26ஆல் வகுத்தால் சரியாக 600. பத்து மாதம் இரண்டு சம்பளம் வரும்போது 1,200 தான் தெரியும். மூன்று சம்பளம் வரும் இரண்டு மாதங்களில் 1,800 வரும். வருடக் கடைசியில் நேராகிவிடும். நடுவில் ஆன்லைனில் 100, 200 பாக்கி காட்டினால் இதுதான் காரணமா என்று பார்த்துவிட்டு அப்புறம் கவலைப்படுங்கள்.

இனி பெரிய விஷயம். கம்பெனி பிடித்த பணம் நேராக உங்களுக்கு வருவதில்லை. சான் அன்டோனியோவில் இருக்கும் டெக்சஸ் மாநிலப் பட்டுவாடா மையத்துக்குப் போய், அங்கே உங்கள் கேஸில் வரவு வைத்து, பிறகுதான் உங்கள் வங்கிக்கோ கார்டுக்கோ வரும். சம்பளம் போட்ட நாளிலிருந்து 7 வேலை நாளுக்குள் கம்பெனி அனுப்பியாக வேண்டும். யாருடைய பணம் என்று அடையாளம் தெரிந்தால் மையம் 2 வேலை நாளுக்குள் உங்களுக்கு அனுப்பியாக வேண்டும். இரண்டும் கூட்டாட்சிச் சட்டத்தில் உள்ள கெடு.

அந்த "அடையாளம் தெரிந்தால்" என்ற இடத்தில்தான் பெரும்பாலும் சிக்குகிறது. பிடித்தம் செய்யச் சொல்லும் உத்தரவுப் படிவத்தில் ரெமிட்டன்ஸ் ஐடி என்று ஒரு கட்டம் இருக்கும். பணத்தோடு அந்த எண்ணும் போக வேண்டும். கோர்ட் போட்ட எண், அட்டர்னி ஜெனரல் ஆபீஸ் கேஸ் எண், கம்பெனியின் ஊழியர் எண் என்று கையில் பல எண் இருக்கும்போது புதிதாக இந்த வேலை பார்ப்பவர் மாற்றிப் போட்டுவிடுவார். பணம் மையத்துக்குப் போய்ச் சேர்ந்திருக்கும், ஆனால் யார் கேஸில் வைப்பது என்று தெரியாமல் கிடக்கும். இன்னொரு வகையும் உண்டு. கம்பெனி வேறு மாநிலத்தில் இருந்தால் பழக்கத்தில் தங்கள் மாநில மையத்துக்கே அனுப்பிவிடுவார்கள். எங்கே அனுப்ப வேண்டும் என்பது உத்தரவிலேயே எழுதியிருக்கும், அதன்படிதான் போக வேண்டும்.

ஹெச்ஆரை நீங்கள் கூப்பிட்டால் ஊழியர் விவரம் சொல்ல மாட்டோம் என்றுதான் பதில் வரும். நானும் அப்படித்தான் சொல்வேன், வேறு வழியில்லை. ஆனால் சைல்டு சப்போர்ட் ஆபீஸ் கூப்பிட்டால் பதில் சொல்லியே ஆக வேண்டும். பிடித்த பணத்தை அனுப்பாமல் வைத்திருந்தால் அந்தத் தொகைக்குக் கம்பெனியே பொறுப்பு. தெரிந்தே செய்தால் டெக்சஸ் சட்டப்படி தடவைக்கு 200 டாலர் வரை அபராதமும் உண்டு.

ஆஸ்டின் அக்கா:

தங்கச்சி, நானும் இதே திட்டத்தில் பல வருடமாக இருக்கிறேன். போனுக்குப் பயப்படாதே. 800-252-8014 கூப்பிட்டு, ஆள் லைனில் வந்ததும் முதல் வார்த்தையாக "தமிழ் இன்டர்பிரட்டர் ப்ளீஸ்" என்று மட்டும் சொல். இலவசம்தான். கூட்டாட்சிப் பணம் வாங்கும் ஆபீஸ் மொழி உதவி தர வேண்டியது கடமை, நீ சலுகை கேட்கவில்லை. மொழிபெயர்ப்பவர் சேர்வதற்குக் கொஞ்சம் நேரம் ஆகலாம், வைத்துவிடாதே.

கூப்பிடும் முன் ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள்: உன் கேஸ் எண், கம்பெனி பெயர், இரண்டு ஸ்டப்பிலும் உள்ள சம்பளத் தேதி, 600 என்ற தொகை. "பணம் வரவில்லை" என்று பொதுவாகச் சொன்னால் "எங்களுக்கு இன்னும் வரவில்லை" என்று பொதுவாகத்தான் பதில் வரும். "இந்தத் தேதியில், இந்தக் கம்பெனியில், இவ்வளவு பிடித்திருக்கிறார்கள், வரவு ஆகவில்லை, தேடிப் பாருங்கள்" என்று சொன்னால் அவர்கள் தேட ஒரு முனை கிடைக்கும். ஸ்டப் படத்தை வாங்கி வைத்தாயே, அது பெரிய உதவி. யாரிடம் பேசினாய், எப்போது பேசினாய் என்பதையும் குறித்து வை.

ஸெல் விஷயத்தில் தயவுசெய்து சரி என்று சொல்லிவிடாதே. உன் ஆர்டரில் பணம் மையம் வழியாகப் போக வேண்டும் என்றுதான் இருக்கும். வெளியே கொடுக்கும் பணம் கேஸில் வரவாக ஏறாமல் போகலாம். நாளைக்கு அவர் "கொடுத்தேன்" என்பார், நீ "பாதிதான் வந்தது" என்பாய், இரண்டு பேருக்கும் ஆதாரம் இருக்காது. அவருக்கும் இது நல்லதில்லை, அன்பளிப்பாக எடுத்துக்கொண்டு மறுபடி கட்டச் சொன்னால் அவர்தான் இரட்டிப்பாகக் கொடுக்க வேண்டும். இன்னும் முக்கியம், அவர் வேலை மாறினால் ஆர்டர் பின்னாலேயே போகும். புதிதாக ஆள் சேர்த்த கம்பெனி 20 நாளுக்குள் அரசுக்குத் தகவல் தர வேண்டும், அதை வைத்துப் புதிய கம்பெனிக்கும் உத்தரவு போய்விடும். ஸெல் அப்படிப் பின்னால் போகாது.

ஃபிரிஸ்கோ தோழி:

இடையில் புகுந்து கேட்பதற்கு மன்னிக்கவும். நானும் ஹெச்4, பிரிந்து இருக்கிறேன், மகனுக்கு நான்கு வயது. இன்னும் எதுவும் ஆரம்பிக்கவில்லை. விவாகரத்து இல்லாமலே கேட்கலாமா? கேட்டால் விசாவுக்கோ கிரீன் கார்டுக்கோ பாதகமா? அவர் கை ஓங்கும் ஆள். என் புது முகவரி அவருக்குத் தெரிந்துவிடுமோ என்பதுதான் பெரிய பயம்.

ஆஸ்டின் அக்கா:

பயத்தில் தொடங்குகிறேன் தங்கச்சி. விண்ணப்பத்திலேயே குடும்ப வன்முறை பற்றிக் கேட்பார்கள். அங்கே மறைக்காமல் எழுது. எழுதினால்தான் உன் முகவரியையும் தொடர்பு விவரத்தையும் அவர் கண்ணில் படாமல் வைக்க முடியும். அவரும் நீயும் ஒரே அறையில் உட்கார்ந்து பேச வேண்டாம் என்றும் கேள். போனில் பேசும் ஒவ்வொரு அலுவலரிடமும் முதலிலேயே இதைச் சொல், பழைய ஆளுக்குத் தெரியும் என்று விட்டுவிடாதே. பாதுகாப்பு ஆணை ஏதாவது வாங்கியிருந்தால் நகலை இணைத்துவிடு. ஆபத்து உடனடியாக இருந்தால் இந்த இழைக்காகக் காத்திருக்காமல் 911.

விவாகரத்து இல்லாமலே கேட்கலாம். பிரிந்து வாழும் பெற்றோர் என்றால் டெக்சஸில் போதும். விவாகரத்து ஆனால் ஹெச்4 போய்விடும், ஆனால் குழந்தைக்குப் பணம் கேட்பது விவாகரத்து ஆகாது. விவாகரத்து வழக்கு ஏற்கெனவே கோர்ட்டில் இருந்தால் மட்டும் அதோடு சேர்த்துத்தான் பார்ப்பார்கள். குடியுரிமை இருந்தால்தான் விண்ணப்பிக்கலாம் என்ற நிபந்தனையும் இல்லை. இது அரசு உதவித் தொகை இல்லை, அப்பா தன் பிள்ளைக்குக் கொடுக்கும் பணம், அரசு வாங்கித் தருகிறது அவ்வளவுதான். உன் விசாவின் மற்ற விவரங்களை மட்டும் ஒரு இமிக்ரேஷன் வக்கீலிடம் தனியாகக் கேட்டுக்கொள்.

ஒன்றை மனதில் வை. ஆபீசின் வக்கீல் உன் வக்கீல் இல்லை, உன் கணவரின் வக்கீலும் இல்லை. டெக்சஸ் மாநிலத்தின் வக்கீல். விவாகரத்து, சொத்து எல்லாம் அவர்கள் பார்க்க மாட்டார்கள்.

பேரோல் மேசை:

செலவு பற்றிச் சேர்க்கிறேன். விண்ணப்பிக்கக் கட்டணம் இல்லை. வருடத்தில் வசூல் 550 டாலரைத் தாண்டினால் 35 டாலர் ஆண்டுக் கட்டணம் ஒன்று உண்டு.

தொகை எப்படி வருகிறது என்பதற்கு: கட்டுபவரின் நிகர வருமானத்தில் ஒரு குழந்தைக்கு 20 சதவீதம், இரண்டு என்றால் 25, மூன்று என்றால் 30. 2025 செப்டம்பர் 1 முதல் மாதம் 11,700 டாலர் நிகர வருமானம் வரை இந்த விகிதம் ஓடும், அதற்கு முன் உச்சவரம்பு 9,200. இர்விங் சகோதரியின் 1,300, நிகரம் 6,500க்கு 20 சதவீதம்.

கேரி அப்பா:

நான் கட்டும் பக்கத்தில் இருப்பவன், வட கரோலினாவில். என் மகன் அம்மாவோடு ஹூஸ்டனில் இருக்கிறான். வேறு மாநிலத்துக்குப் போய்விட்டால் டெக்சஸ் ஆர்டர் செல்லாது என்று இங்கே நண்பர்கள் சிலர் சொல்வதுண்டு. அது தவறு. நான் மகனோடு டெக்சஸில் குடியிருந்தவன், அதனால் டெக்சஸ் கோர்ட்டுக்கு என் மேல் அதிகாரம் உண்டு. 1996 கூட்டாட்சிச் சட்டத்துக்குப் பிறகு எல்லா மாநிலமும் இதற்கு ஒரே மாதிரிச் சட்டம் வைத்திருக்கின்றன. டெக்சஸ் உத்தரவு நேராக இந்த ஊர்க் கம்பெனிக்கே வரும்.

லே ஆஃப் ஆனபோது நான் உடனே தொகையைத் திருத்தக் கேட்டு மனு போட்டேன். அப்பாமார் யாராவது படித்தால் இதைக் கவனியுங்கள். வேலை போனது என்பதால் தொகை தானாகக் குறையாது. பாக்கி ஏறும், டெக்சஸில் 6 சதவீத வட்டியும் ஏறும். சேர்ந்த பாக்கியைக் கோர்ட்டே நினைத்தாலும் பின்தேதியிட்டு அழிக்க முடியாது. பெரிய மாற்றம் வந்தால் அன்றே மனு போடுங்கள். வேலை மாற்றம் இல்லாமலே, மூன்று வருடம் கழிந்து தொகையில் 20 சதவீதமோ 100 டாலரோ வித்தியாசம் வந்தாலும் திருத்தம் கேட்கலாம்.

இர்விங் சகோதரி, உங்கள் கணவருக்கும் ஒரு வேலை இருக்கிறது. ஊழியர் என்ற முறையில் அவர் தன் பேரோலில் "ரெமிட்டன்ஸ் ஐடி எது போட்டீர்கள், எந்த மாநிலத்துக்கு அனுப்பினீர்கள்" என்று ஒரு மின்னஞ்சல் போட்டால் பதில் கிடைக்கும். பாக்கி ஏறுவது அவர் பெயரில். அதைச் சொன்னால் செய்வார்.

இர்விங் அம்மா:

எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி. அக்கா சொன்னபடி மொழிபெயர்ப்பாளரைக் கேட்டேன், ஒரு பெண்மணி வந்தார், மதுரைத் தமிழ். நிதானமாகப் பேச முடிந்தது. தேதி, தொகை, கம்பெனி எல்லாம் சொன்னேன். அவர்கள் கம்பெனியைத் தொடர்புகொண்டார்கள், கேரி அண்ணன் சொன்ன மின்னஞ்சலை என் கணவரும் போட்டார்.

பணம் சான் அன்டோனியோவுக்குத்தான் போயிருக்கிறது. ரெமிட்டன்ஸ் ஐடி போட வேண்டிய இடத்தில் கம்பெனி அவருடைய ஊழியர் எண்ணைப் போட்டிருக்கிறது. சரிசெய்த பிறகு இரண்டு 600-உம் கேஸில் ஏறி, என் கணக்குக்கும் வந்துவிட்டது. ஆன்லைனில் இப்போது 100 பாக்கி காட்டுகிறது, அது ஏன் என்று இப்போது தெரிகிறது. ஸெல் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

இரண்டு சந்தேகம் மட்டும். ஆர்டரில் மகளின் மருத்துவக் காப்பீடு அவர் பொறுப்பு என்று இருக்கிறது. இன்னும் கார்டு வரவில்லை. அப்புறம், அவர் இந்தியாவுக்கே திரும்பிப் போய்விட்டால்?

பேரோல் மேசை:

காப்பீட்டுக்குத் தனி நோட்டீஸ் கம்பெனிக்குப் போகும். அது வந்து 20 வேலை நாளுக்குள் கம்பெனி அதைக் காப்பீட்டுத் திட்டத்துக்கு அனுப்ப வேண்டும். வருடாந்திரச் சேர்க்கைக் காலம் வரட்டும் என்று காத்திருக்கத் தேவையில்லை. அந்த நோட்டீஸ் போயிற்றா என்று மட்டும் ஆபீசில் கேளுங்கள். காப்பீட்டுச் செலவு அவர் ஆண்டு வருமானத்தில் 9 சதவீதத்துக்குள் இருந்தால் நியாயமான செலவு என்பது டெக்சஸ் கணக்கு.

ஆஸ்டின் அக்கா:

இந்தியா போனால் கஷ்டம்தான், மறைத்துப் பேச மாட்டேன். இங்கே சம்பளம் ஓடும் வரைதான் பிடித்தம் ஓடும். பிற நாட்டில் இந்தத் தொகையை வசூலிக்க 2007 ஹேக் ஒப்பந்தம் ஒன்று இருக்கிறது, அமெரிக்கா அதில் இருக்கிறது, இந்தியா இல்லை. பாக்கி 2,500 டாலர் தாண்டினால் பாஸ்போர்ட் மறுப்பார்கள் என்று படித்திருப்பாய், அது அமெரிக்க பாஸ்போர்ட்டுக்கு மட்டும். இந்தியாவில் தனியாக ஜீவனாம்ச வழக்குப் போட வேண்டி வரும், 2024 ஜூலை 1 முதல் அது இந்தியாவின் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் (BNSS) 144-ஆம் பிரிவு, பழைய சட்டத்தில் 125. ஆனாலும் இங்கே ஆர்டர் உயிரோடு இருக்கும், பாக்கி ஏறிக்கொண்டிருக்கும். திரும்பி வந்து வேலையில் சேர்ந்தால் மறுபடி பிடிக்கத் தொடங்கும். அதனால் கேஸை மூடாதே. உன் முகவரியோ வங்கிக் கணக்கோ மாறினால் அன்றே தெரிவித்துவிடு.

இர்விங் அம்மா:

சரி அக்கா. காப்பீட்டு நோட்டீஸ் பற்றி ஆன்லைனில் கேள்வி அனுப்பிவிட்டேன். பதில் வந்ததும் இங்கேயே எழுதுகிறேன், ஃபிரிஸ்கோ தோழிக்கும் பயன்படும்.